ரொட்டி வாங்கப் போனவர்

வீப்கெ தோர்மானுக்கு முதல் சம்பளம்
மூன்று வரிக்கு நாற்பது மார்க்.
மூன்றில் இரண்டை நடிகர் விழுங்கிவிட்டார்.
மிச்ச ஒன்றுக்குச் சிரித்தவர்
விளக்குப் பிடித்த ஆள் மட்டும்;
அவருக்கும் அன்று காய்ச்சல்.

வூப்பர்டாலில், ஆற்றின் மேல் தொங்கிப் போகும் ரயிலில்
சீட்டுப் பரிசோதித்தவரின் மகள்.
அப்பா ஆயுளில் ஒருமுறை வேடிக்கையாகப் பேசி
அன்றிரவு முழுக்க வருந்தினாராம்.
(பேட்டிகளில் இப்படிச் சொல்வாள்.
அம்மா மறுத்துக் கடிதம் போட்டாள்,
நேராக வானொலி நிலையத்துக்கு.)

எழுபத்தெட்டில் கொலோன்.
சனிக்கிழமை இரவு நிகழ்ச்சி.
ஏழு ஆண்கள், நீள மேசை, ஒரே சாம்பல் கிண்ணம்.
அவள் சொன்னால் மௌனம்;
அதையே பக்கத்து நாற்காலி உரக்கச் சொன்னால்
மேசை குலுங்கும்.
ஒரு வருஷம் பொறுத்தாள்.
பிறகு பக்கத்து நாற்காலி ஹார்ட்விக்கின் காதில் விழும்படி
மொக்கைகளை மட்டும் முணுமுணுத்தாள்.
ஈஸ்டருக்குள் அவனுக்கு வேலை போயிற்று.

அப்புறம் வியாழக்கிழமைத் தொடர்.
டுயிஸ்பர்க் துறைமுகத்துக்குப் பின்னால்
நான்காம் மாடியில் கிராப்பே தம்பதி:
ஓய்வுபெற்ற கிரேன் ஓட்டுநர்,
அவர் பேச்சை முப்பது வருஷமாக
நடுவில் வெட்டும் மனைவி.
எழுதியது எட்டு வாரத்துக்கு.
ஓடியது பதினான்கு வருஷம்.

கிராப்பே ஆனவர் ஈகோன் ஷ்ட்ரீபெக்.
வசனம் மறந்தால் மூக்கைச் சொறிவார்.
அதற்கும் சிரித்தார்கள்.
பிறகு அவளே எழுதிக் கொடுத்தாள்:
‘மூக்கு. இரண்டு நொடி.’

தொண்ணூற்று மூன்று, நவம்பர்.
ஒப்பனை அறை நாற்காலியில்
ஒரு கன்னத்துப் பவுடரோடு
ஷ்ட்ரீபெக் போய்ச் சேர்ந்தார்.

நிலையத்தார் கூடினார்கள்.
அடக்கம் செய்யும் காட்சி வேண்டும்:
தொண்ணூறு நிமிடம், மழை, கறுப்புக் குடைகள்.
பித்தளை வாத்தியக் குழுவுக்கு
விலைகூடப் பேசியாகிவிட்டது.
பதினோரு நாள் எழுதினாள்.
பாதிரியார் வாய் திறக்கும் இடம் வந்ததும்
கை தானாக ஒரு ஜோக் எழுதியது.
நல்ல ஜோக்.
கிழித்தாள்.
அடுத்தது அதைவிட நன்றாக வந்து தொலைத்தது.

நகைக்கு அடுத்து அழுகை என்று
வரிசை வைத்த பழந்தமிழ்ப் புலவனை
அவளுக்குத் தெரியாது.
இரண்டுக்கும் நடுவே கதவில்லை,
ஒரு திரைச்சீலை கூட இல்லை என்பது
தெரிந்திருந்தது.

கடைசியில் அனுப்பியது கால் பக்கம்.
காலை. சமையலறை. காலி நாற்காலி.
பக்கத்து வீட்டுக்காரன்: எங்கே அவர்?
மனைவி: ரொட்டி வாங்கப் போயிருக்கிறார்.

அவ்வளவுதான்.
மறுவாரமும் ரொட்டி வாங்கப் போயிருந்தார்.
கிறிஸ்துமஸுக்கும்.
கடையில் கூட்டமாம்.
மனைவியாக நடித்த ரோஸ்விதா யான்சென்
ஒவ்வொரு காலையும் வெண்ணெயை வெளியே எடுத்து வைத்தாள்,
இளகட்டும் என்று.
அது தாளில் இல்லை.
அடுத்த தாளில் வீப்கெ அதைச் சேர்த்துக்கொண்டாள்,
கூலி எதுவும் கொடுக்காமல்.

கடிதங்கள் வந்தன.
பேக்கரிக்காரர் சங்கம் கண்டித்தது:
நம் நாட்டில் எந்தக் கடையிலும்
இவ்வளவு நேரம் ஆகாது.
ஓஸ்னாப்ரூக்கிலிருந்து ஒருத்தி, பென்சிலில்:
‘என்னுடையவரும் அங்கேதான் நிற்கிறார் போல.
பார்த்தால் சொல்லுங்கள்,
எள்ளு போட்டது வேண்டாமென்று.’

நகைச்சுவைக்கு ஒரு விருது.
அதே கால் பக்கத்துக்கு மறுவருஷம்
துயர நாடகத்துக்கும் ஒன்று.
இரண்டும் குளியலறை ஜன்னலில்,
சோப்புக்குத் துணையாக.

இப்போது எழுபத்தொன்று.
ஏழரை மணி, எஹ்ரன்ஃபெல்ட், தூறல்.
கடை வரிசையில் நிற்கிறாள்.
முன்னால் ஐந்து முதுகுகள்.
மூன்றாவது முதுகு கையை உயர்த்தி
மூக்கைச் சொறிகிறது.
இரண்டு நொடி.

பின்னால் நிற்கும் பையனிடம்
‘நீ முன்னால் போ’ என்கிறாள்.
அவன் போகிறான்.
அடுத்தவரிடமும் சொல்கிறாள்.